குழந்தைவேலு நெபுலாவின் முப்பத்தெட்டு இரவுகள்

“உங்க வீட்டுக்காரர்தான் ராத்திரி பூரா தொலைநோக்கியைப் பிடிச்சிட்டிருந்தார்னா, எங்க வீட்டுக்காரர் அங்க பல்லாங்குழி ஆடவா போனாரு?”

“ஆடியிருப்பாரு. ஸ்பேனர் பிடிக்கிற மனுசன், கை சும்மா இருந்தா வேற என்ன பண்ணுவாரு?”

“அந்த ஸ்பேனர் பிடிச்ச கைதாங்க்கா உங்க நெபுலாவைப் பிடிச்சுது. செத்தவர் எழுந்து வந்து சாட்சி சொல்ல மாட்டாருங்கிற தைரியம் உங்களுக்கு.”

காலை ஏழே கால். குடிநீர் நிலையத்தின் முன்னால் கேன்கள் வரிசையில் நிற்க, கேன்களுக்குச் சொந்தக்காரர்கள் வரிசையைக் கலைத்துவிட்டு நெருங்கி வந்திருந்தார்கள். சண்டை சரியாகக் கேட்க வேண்டாமா? ஒரு பக்கம் சௌந்தரவல்லி, நெபுலாவுக்குத் தன் பெயரைக் கொடுத்த குழந்தைவேலுவின் மனைவி. எதிர்ப்பக்கம் ஜெயசீலி, மறைந்த மெக்கானிக் அந்தோணிசாமியின் மனைவி.

நகரைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். வேங்கைமலை வானாய்வகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர்கள் மலையடியில் மனை வாங்கிக் கட்டிய வீடுகள் இவை. தெருக்களுக்குத் தலைவர்கள் பெயர் வைத்தால் சாதிச் சண்டை வரும் என்று, வானத்து ஒளிமேகங்களான நெபுலாக்களின் பெயரை வைத்தார்கள். சண்டை வராமலா போயிற்று? குதிரைத்தலைத் தெருக்காரர்கள் நண்டுத் தெருக்காரர்களை இளக்காரமாகப் பார்த்தார்கள். கல்யாணப் பத்திரிகையில் நண்டுத் தெரு என்று அச்சடிக்கக் கூச்சப்பட்டு, ‘வானாய்வகம் பின்புறம்’ என்று போட்டவர்கள் உண்டு.

நண்டு நெபுலாவிலும் நண்டு எதுவும் கிடையாது. நூற்றுத்தொண்ணூறு வருஷத்துக்கு முன்னால் அயர்லாந்துப் பிரபு ஒருவர் தொலைநோக்கியில் பார்த்து ஒரு படம் வரைந்தார். படம் நண்டு மாதிரி வந்துவிட்டது. பிறகு அவரே பெரிய தொலைநோக்கி கட்டிப் பார்த்தார். நண்டு இல்லை. அதற்குள் பெயர் ஊரெல்லாம் பரவிவிட்டது. இதை நகரில் எல்லோருக்கும் சொன்னது சௌந்தரவல்லிதான். யார் வீட்டில் என்ன பெயர் எப்படி ஒட்டிக்கொண்டது என்பது அவளுடைய தனிப்பட்ட ஆராய்ச்சித் துறை. கொடியில் காயும் துணியைப் பார்த்தே அந்த வீட்டுக்கு யார் வந்து போனார்கள் என்று சொல்லிவிடுவாள்.

“மெஷின்தான் வந்திருக்கே, பழைய பிளேட்டையெல்லாம் ஊர் ஊரா போய் எடுத்துப் பார்க்குதே. உங்களுக்குப் பயமில்லைன்னா சம்மதம்னு கையெழுத்துப் போடுங்க,” என்றாள் ஜெயசீலி.

“எனக்கென்னடி பயம்? ஒரு பிளேட்டு இல்லை, அவர் பேர்ல இருக்கிற அத்தனை பிளேட்டையும் எடுத்துப் பார்க்கட்டும். அறுபத்தொண்ணு இருக்கு. அத்தனைக்கும் போடறேன் கையெழுத்து.”

ஒன்று போதும் என்றுதான் ஜெயசீலி கேட்டாள். அறுபத்தொன்று என்று சொன்னது சௌந்தரவல்லியின் வாய்.

விஷயம் இதுதான். தொண்ணூற்றொன்றாம் வருஷத்து ஜனவரியில் வேங்கைமலையில் வானத்தைப் படம் பிடித்த ஒரு கண்ணாடி பிளேட்டில், மிருகசீரிடத்துக்குப் பக்கத்தில் விசிறி மாதிரி ஒரு சின்ன வெளிச்சம் விழுந்திருந்தது. மூன்று வருஷத்தில் மங்கி மறைந்துவிட்டது. பிளேட்டில் கறை என்று பெரியவர்கள் தீர்ப்பு எழுதி அலமாரியில் வைத்துவிட்டார்கள். அப்படி மறைகிற நெபுலாக்கள் உண்டு. ஆயிரத்தெண்ணூற்று ஐம்பத்திரண்டில் ஹைண்ட் என்ற வெள்ளைக்காரர் ஒன்றைக் கண்டுபிடித்துச் சொன்னார். பத்துப் பதினைந்து வருஷத்தில் அது காணாமல் போக, பார்த்தவர் மேலேயே சந்தேகம் வந்தது. பிறகு அது திரும்பி வந்தது. நம்முடையதும் மறைந்து முப்பத்தைந்து வருஷம் கழித்து, இன்றைக்கு ஐந்து வருஷம் முன்னால், திரும்பி வந்தது. பழைய பிளேட்டைத் தேடினார்கள். பதிவேட்டில் அன்றைய தேதிக்கு நேராக ‘பார்வையாளர்: குழந்தைவேலு’ என்று இருந்தது. உலகப் பட்டியலில் குழந்தைவேலு நெபுலா என்று ஏறிவிட்டது. சால்வை போட்டார்கள். சௌந்தரவல்லி அன்றிலிருந்து தண்ணீர் கேனை வரிசையில் வைப்பதில்லை. அதுபாட்டுக்கு முன்னால் போய் நிற்கும்.

“கழுகுக் கண்ணு எங்க வீட்டுக்காரருக்கு,” என்பாள். “அதான் தெருவுல பக்கத்துல நிக்கிறவங்களைப் பார்க்க மாட்டார். நட்சத்திரத்தைப் பார்த்தே பழகிட்டாரு.”

குழந்தைவேலு பக்கத்தில் நிற்பவர்களைப் பார்க்காமல் போவது உண்மை. அதற்குத் தலைக்கனம் என்று நகர் பெயர் வைத்திருந்தது. இரண்டு முறை சைக்கிள் ஸ்டாண்டில் மோதி விழுந்ததற்கு வேறு ஒரு பெயர் வைத்திருந்தது.

கையெழுத்துப் போட்டுவிட்டு வந்து சொன்னபோது அவர் செய்தித்தாளை மடித்து வைத்தார்.

“எதுக்கு வல்லி? அந்தம்மா கேட்டா குடுத்துடு. அந்தோணிசாமி பேரே இருக்கட்டும்.”

“குடுத்துடறதா? என்ன, பக்கத்து வீட்டுக்குக் கருவேப்பிலை குடுக்கற மாதிரியா? உங்களுக்குச் சூடு சொரணை இல்லாட்டி எனக்கு இருக்கு.”

அவர் மறுபடி தாளை விரித்துக்கொண்டார். எழுபத்து மூன்று வயது மனிதர் தாளைத் தலைகீழாகப் பிடித்திருந்ததை அவள் கவனித்தாள். நல்ல மனுஷன், சாதுவாக இருந்தே கெட்டுப் போனவர் என்று நினைத்துக்கொண்டாள்.

மெஷினோடு வந்த பெண் ஹர்ஷிதா. இருபத்தாறு வயது, காதில் ஒன்றும் இல்லை, கழுத்தில் ஒன்றும் இல்லை. கல்யாணம் ஆகவில்லை என்று சௌந்தரவல்லி முதல் ஐந்து நிமிஷத்தில் தெரிந்துகொண்டாள். நகர்மன்றத்தில் எல்லோரையும் உட்கார வைத்து அந்தப் பெண் விளக்கினாள்.

“பழைய பிளேட்டுல ஒரு மணி நேரம், ரெண்டு மணி நேரம் வெளிச்சம் விழும் இல்லையா, எல்லாம் ஒரே படமா ஆயிடும். இந்த மெஷின் அதைப் பிரிச்சுடும். எந்த வெள்ளித் துகள் முன்னாடி கறுத்தது, எது பின்னாடின்னு பார்த்து, ஒரு படத்தை சினிமா மாதிரி நிமிசம் நிமிசமா விரிச்சுக் காட்டும்.”

“அதுல ஆள் தெரியுமாம்மா?” என்றாள் ஜெயசீலி.

“ஆள் தெரியாது ஆன்ட்டி. கை தெரியும். அப்போல்லாம் கண்ணைக் குழாய்ல வெச்சுக்கிட்டு, நட்சத்திரம் விலக விலக கையாலதானே திருப்பிக்கிட்டே இருப்பாங்க? ஒவ்வொருத்தர் திருப்பறதும் ஒவ்வொரு மாதிரி. கையெழுத்து மாதிரிதான். ரிப்பேருக்கப்புறம் மெக்கானிக் சோதிச்சு எடுத்த பிளேட்டும் இருக்கு, அதோட ஒப்பிட்டா, பதிவேட்டுல யார் பேர் இருந்தாலும், பிடிச்ச கை யாருதுன்னு சொல்லிடும்.”

உலகம் முழுக்க இந்த வேலை நடந்துகொண்டிருந்தது. பேர் எழுதியவன் ஒருத்தன், உழைத்தவன் ஒருத்தன் என்கிற பழைய அநியாயத்தையெல்லாம் திருத்தக் குழு அமைத்திருந்தார்கள்.

“குதிரைத்தலை நெபுலாவையே எடுத்துக்குங்க,” என்றாள் ஹர்ஷிதா. “அமெரிக்காவுல ஃபிளெமிங்னு ஒரு அம்மா. முன்னாடி வீட்டு வேலை செஞ்சவங்க. பிளேட்டைப் பார்த்து அவங்கதான் கண்டுபிடிச்சாங்க. பட்டியல் போட்டவர் அவங்க பேரை விட்டுட்டு மேலதிகாரி பேரைப் போட்டுட்டார்.”

“வீட்டு வேலை செஞ்சவங்களா?” குதிரைத்தலைத் தெருக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். நண்டுத் தெருவுக்கு மனசு குளிர்ந்தது.

“அப்ப பிளேட்டு எடுத்தவங்க வேற, பார்த்தவங்க வேறயா இருக்கலாமே?” என்று கேட்டார் குழந்தைவேலு. அன்று அவர் கேட்ட ஒரே கேள்வி.

“இருக்கலாம் அங்கிள். பார்த்தவங்க கண்ணாடி மேல மசியில வட்டம் போடுவாங்க. வட்டம் இருந்தா அதையும் கணக்குல எடுப்போம். உங்க பிளேட்டுல ஒண்ணுகூட இல்லை. யாரோ பளிச்சுனு துடைச்சுட்டாங்க. பார்த்ததுக்கு வேற தடயம் கிடையாதே. அதனால கையை வெச்சுத்தான் முடிவு.”

சௌந்தரவல்லி மின்விசிறியைப் பார்த்தாள். எட்டு வருஷத்துக்கு முன்னால் பிளேட்டுகளைக் கணினியில் ஏற்றுவதற்கு முன் துடைத்துக் கொடுக்கும் வேலை நகர்ப் பெண்களுக்கு வந்தது. மேஸ்திரி அவள்தான். பஞ்சில் ஸ்பிரிட் நனைத்து, மூக்கைச் சுளித்துக்கொண்டு, பக்கத்தில் ஜெயசீலியை உட்கார வைத்து வேலை வாங்கினாள். மசி இருந்தால் எந்திரத்துக்குச் சரியாகத் தெரியாது என்று மேலேயிருந்து சொல்லியிருந்தார்கள். எந்திரத்துக்காக இல்லாவிட்டாலும் அவள் துடைத்திருப்பாள். கண்ணாடி என்றால் பளிச்சென்று இருக்க வேண்டும்.

பத்து நாளில் அறிக்கை வந்தது. ஒன்பது பக்கம். இரண்டாம் பக்கத்தில் அட்டவணை. குழந்தைவேலு பெயரில் இருந்த அறுபத்தொரு பிளேட்டுகளில் இருபத்து மூன்று அவர் கை. முப்பத்தெட்டு அந்தோணிசாமியின் கை. நெபுலா விழுந்த பிளேட்டு அந்த முப்பத்தெட்டில் ஒன்று.

ஜெயசீலி அழுதாள். பதினொரு வருஷத்துக்கு முன் கணவனைப் புதைத்தபோது அழுததைவிட அதிகம் என்று நேரில் பார்த்தவர்கள் சொன்னார்கள். அழுது முடித்த பிறகு, அட்டவணையின் தேதிகளை விரலால் தொட்டுத் தொட்டு வாசித்தாள். வேண்டுமென்று செய்தாளா என்று கேட்டால், சத்தியமாக இல்லை. ஆனால் முப்பத்தெட்டு தேதிகளை நகர்மன்றத்தில் உரக்க வாசித்தால் கேட்பவர்களுக்கு ஒரு கணக்கு தோன்றாமல் இருக்குமா?

வாசித்து முடித்ததும் பின்வரிசையிலிருந்து ஒரு குரல் மெதுவாக வந்தது. “அப்ப அந்த ராத்திரியெல்லாம் இவர் எங்க போயிருந்தாரு?”

நாற்பது வருஷமாக இந்தக் கேள்வியை அடுத்த வீடுகளைப் பார்த்துக் கேட்டு வந்தவள் சௌந்தரவல்லி. முதல் முறையாக அது திரும்பி வந்து அவள் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்தது.

அவள் வேறு எதையும் படிக்கவில்லை. நகரில் யாருமே இரண்டாம் பக்கத்தைத் தாண்டவில்லை.

“சொல்லுங்க. சாயங்காலம் அஞ்சு மணிக்கே ராத்திரிச் சோத்து டப்பாவைக் கட்டிக் குடுத்து அனுப்பினேன். முப்பத்தெட்டு நாள். எங்க போய்த் தின்னீங்க?” என்று வீட்டுக்கு வந்ததும் கேட்டாள்.

அவர் எழுந்து ஜன்னலைச் சாத்தினார்.

“யாரு அவ?”

“யாரா இருந்தா என்ன, வல்லி. நாப்பத்து மூணு வருசம் ஆச்சு.”

இல்லை என்று சொல்லவில்லை என்பதைக் கவனித்தாள். அவள் கவனிக்கத் தெரிந்தவள். எடுத்து வைத்துக் கோத்தாள். ஆய்வகத்து விருந்தினர் விடுதி, தொலைநோக்கி இருந்த டோமுக்குப் போகும் வழியில் இருந்தது. அங்கே சமையல் செய்தவள் பாக்கியம். அப்போது முப்பது வயது, புருஷன் விட்டுப் போனவள். இவர் சில நாள் காலையில் வரும்போது வாழையிலையில் கட்டிய பருப்பு வடை கொண்டு வருவார். யார் கொடுத்த வடை? இன்றைக்கும் பாக்கியம் எதிரில் வந்தால் மட்டும் இவர் நின்று ஒரு வார்த்தை பேசுவார். தெருவில் வேறு யாரையும் பார்க்காத மனுஷன்.

பாக்கியம் நண்டுத் தெருவின் கடைசி வீட்டில் இருந்தாள். பெரிய வயதில் தத்தெடுத்து வளர்த்த மகள் மஞ்சரிக்கு நிச்சயம் முடிந்து தாம்பூலம் மாற்றியிருந்த நேரம். வாசலில் கோலமாவுப் பை.

“அந்த முப்பத்தெட்டு ராத்திரியும் எங்க வீட்டுக்காரர் டோம்ல இல்லையாம்டி,” என்றாள் சௌந்தரவல்லி, நான்கு வீட்டுக்குக் கேட்கிற மாதிரி.

பாக்கியம் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டாள். “யாரு சொன்னது? டோம்லதான் இருந்தாரு. அந்தோணி அண்ணன் மேல குழாயில கண்ணை வெச்சிட்டிருப்பாரு. இவரு ஏணியோட கீழ்ப்படியில உக்காந்துட்டிருப்பாரு. ரெண்டு மணிக்கு நான்தானே டீ கொண்டுபோவேன்?”

சௌந்தரவல்லிக்குக் கிடைக்க வேண்டியது கிடைத்துவிட்டது.

“எங்களுக்கெல்லாம் தெரியாதது, ராத்திரி ரெண்டு மணிக்கு அவர் எங்க உக்காந்திருந்தாருன்னு உனக்கு மட்டும் எப்படிடி தெரியும்?”

பாக்கியம் சொன்னதில் ஒரு சொல் பொய் இல்லை. ஆனால் கேட்ட நான்கு வீட்டுக்கும் அது வாக்குமூலமாகப் போய்ச் சேர்ந்தது. வேலை பார்க்க வேண்டியவர் ஏணியில் ஏன் உட்கார்ந்திருக்க வேண்டும் என்று ஒருத்தர்கூடக் கேட்கவில்லை. அதைக் கேட்டிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும்.

அன்று மாலை குழந்தைவேலு ஒரே ஒரு வார்த்தை சொன்னார்: “அந்தம்மாவை இழுக்காதே.” அதையும் அவள் கணக்கில் சேர்த்துக்கொண்டாள். மறுநாள் அவர் ஒரு பையில் நான்கு வேட்டியை எடுத்து வைத்து, அரூரில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் பகல் பஸ்ஸில் போனார். இருட்டுவதற்குள் போய்ச் சேர வேண்டும் என்று மூன்று முறை சொன்னார். திருட்டு மனசு பயப்படுகிறது என்று அவள் பக்கத்து வீட்டில் சொன்னாள்.

அடுத்த வாரம் மஞ்சரியின் நிச்சயத்தைப் பையன் வீட்டார் முறித்தார்கள். காரணம் ஜாதகம் என்றார்கள். நெபுலாவின் பெயர் அந்தோணிசாமி நெபுலா என்று மாறியது.

தை மாதம் ஜெயசீலியின் மகன் ஸ்டீபனுக்குக் கல்யாணம். பத்திரிகையில் சிலுவைக்குக் கீழே நெபுலா படம். சௌந்தரவல்லி போனாள்; போகாவிட்டால் வயிற்றெரிச்சல் என்பார்கள். பந்தியில் பக்கத்து இலையில் ஹர்ஷிதா உட்கார்ந்தாள்.

“அங்கிள் வரலையா ஆன்ட்டி? கண் இப்போ எப்படி இருக்கு அவருக்கு?”

“கண்ணுக்கென்ன? கழுகுக் கண்ணு. அதான் முப்பத்தெட்டு நாள் தெரிஞ்சுதே.”

அந்தப் பெண் சாம்பாரைப் பிசைவதை நிறுத்தினாள். “ஏழாம் பக்கம் படிக்கலையா ஆன்ட்டி நீங்க?”

“என்ன ஏழாம் பக்கம்?”

“அவரே பிடிச்ச இருபத்து மூணு பிளேட்டைப் பத்தி எழுதியிருந்தேனே. முதல் பிளேட்டுகள்ல நட்சத்திரம் விலகினா உடனே திருப்பறார். ஒரு வருசம் போகப் போக கை தாமதமாவுது. கடைசி நாலுல நட்சத்திரம் வெளியே போயிடுது, கை அதைத் தேடுது. கரண்ட் போனா சுவரைத் தடவி சுவிட்சைத் தேடுவோமே, அப்படி. மாலைக்கண்தானே? எங்க மாமாவுக்கும் இருக்கு. பகல்ல நேரா பார்க்கறது நல்லா தெரியும், பக்கவாட்டுல நிக்கிறவங்க தெரிய மாட்டாங்க. இருட்டினா ஒண்ணுமே தெரியாது. அதுக்கப்புறம் எல்லாமே மெக்கானிக் அங்கிள் கைதான். அதுலயும் பாருங்க, பத்து நிமிசத்துக்கு ஒருதரம் கை கரெக்டா நின்னு தொடருது. குழாயில கண்ணை வெச்சவருக்குக் கடிகாரம் தெரியாது. கீழேயிருந்து யாரோ எண்ணிச் சொல்லியிருக்கணும்.” அவள் குரல் இறங்கியது. “வீட்டுல தெரியும்னு நினைச்சேன். கல்யாணம் ஆகி இத்தனை வருசம்…”

பாயசம் வந்தது. சௌந்தரவல்லி இலையை மூடிவிட்டு எழுந்தாள். சினிமாவுக்கு இரண்டாவது ஆட்டம் வர மாட்டார். ஆறு மணிக்கு மேல் ஸ்கூட்டரை எடுக்க மாட்டார். கரண்ட் போனால் இருந்த இடத்தில் அசையாமல் உட்கார்ந்திருப்பார். கஞ்சத்தனம், சோம்பல், திமிர் என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் அவளே வைத்திருந்தாள். பாக்கியத்தோடு மட்டும் நின்று பேசினார் என்றால், அவள் மட்டும் நேர் எதிரே வந்து நின்று, “நான் பாக்கியம்” என்று சொல்லிவிட்டுப் பேசுவாள்.

அரூரில் அவர் வாசற்படியில் வெயிலில் உட்கார்ந்து நிலக்கடலை உரித்துக்கொண்டிருந்தார்.

“ஏன் சொல்லலை?”

“அன்னிக்குச் சொல்லியிருந்தா எனக்கும் வேலை போயிருக்கும், மறைச்ச அந்தோணிக்கும் போயிருக்கும். அவன் பதிவேட்டுல என் பேரை எழுதுவான். நான் கீழே உக்காந்து நேரம் எண்ணிச் சொல்லுவேன்.”

“அன்னிக்குச் சரி. இந்த ஐப்பசியில, அறிக்கை வந்தப்ப?”

அவர் ஒரு கடலையை உரித்து, பருப்பை ஊதினார். “தொடுப்பு இருந்துதுன்னா ஊர் ஒரு மாசம் பேசும். கண்ணு தெரியாதவன்னா? நாப்பது வருசமா கழுகுக் கண்ணுன்னு நீ ஊரெல்லாம் சொல்லி வெச்சிருக்கே. உன் முன்னாடி அதை எப்படிச் சொல்றது?”

“பாக்கியம்?”

“இழுக்காதேன்னு சொன்னேனே.”

“சொன்னீங்க. அவ்வளவுதான் சொன்னீங்க.”

அவருடைய தங்கை உள்ளிருந்து காப்பி கொண்டு வந்து வைத்துவிட்டுப் போனாள்.

“அந்த நெபுலாவை நான்தான் பார்த்தேன் வல்லி,” என்றார் திடீரென்று. “பிளேட்டை மறுநாள் பகல்ல விளக்குப் பெட்டி மேல வெச்சுப் பார்த்தேன். எல்லாரும் கறைன்னாங்க. நான் நெபுலான்னேன். சிவப்பு மசியில சின்னதா வட்டம் போட்டேன். அது எங்க போச்சுன்னுதான் தெரியலை.”

அவளுக்குத் தெரியும். ஜெயசீலி அன்று பிளேட்டை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, “இதையும் துடைக்கணுமாக்கா? யாரோ பொட்டு மாதிரி வெச்சிருக்காங்க” என்றாள். “குடு இப்படி,” என்று வாங்கி, ஒரே இழுப்பில் துடைத்தது சௌந்தரவல்லி. அதை அவரிடம் சொல்லவில்லை. காப்பி ஆறிவிட்டது என்று மட்டும் சொன்னாள். வீட்டுக்கு வாங்க என்றாள். வருகிறேன் என்றார். வரவில்லை.

அவர் இன்னும் அரூரில்தான் இருக்கிறார். ஜெயசீலி மகன், மருமகளோடு ஓசூருக்குப் போய்விட்டாள். அங்கே வீட்டு வாசலில் நெபுலாவின் பெயரைப் பொறித்த பலகை இருக்கிறதாம், நெபுலா மட்டும் இந்த வருஷம் மறுபடி மங்கத் தொடங்கியிருக்கிறது. ஹர்ஷிதா சிலி நாட்டுத் தொலைநோக்கியில் வேலை பார்க்கும் பையனைக் கட்டிக்கொண்டு விமானம் ஏறினாள். பாக்கியம் வீட்டை வந்த விலைக்குக் கொடுத்துவிட்டு மகளோடு திருப்பூர் போனாள். மஞ்சரி பனியன் கம்பெனி சூப்பர்வைசர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டாள் என்று கேள்வி. பத்திரிகை நண்டுத் தெருவில் ஒரு வீட்டுக்கும் வரவில்லை.

அந்தக் கடைசி வீட்டுக்கு இப்போது புதுக் குடித்தனம் வந்திருக்கிறது. தண்ணீர் பிடிக்கும் இடத்தில் அந்தப் பெண்ணுக்கு யாரோ சொல்லிக்கொண்டிருந்தார்கள்: “நெபுலாக்காரர் வெச்சிருந்தாரே, அந்தம்மா வீடு.” வரிசையில் நின்றிருந்த சௌந்தரவல்லி கேனைக் கீழே வைத்துவிட்டு, அப்படியெல்லாம் இல்லை, அவள் டீ கொண்டு போனவள், அவ்வளவுதான் என்று ஆதியோடந்தமாக எடுத்துச் சொன்னாள். புதுப் பெண் முழுவதும் கேட்டாள். கேட்டுவிட்டு, பாவம், என்ன இருந்தாலும் கட்டினவள் இல்லையா, புருஷனை விட்டுக்கொடுக்க மனசு வருமா என்பது போல் தலையை ஆட்டினாள்.